சாமிக்கும் பிள்ளைகுட்டி உண்டு

சாமியின் வலது கை தனியாகக் கழன்று கோந்துவின் கைக்கு வந்துவிட்டது.

அவன் ஒன்றும் பெரிதாகச் செய்துவிடவில்லை. மெல்லிய துணியால் தூசி தட்டிக்கொண்டிருந்தான். முழங்கைப் பக்கம் லேசாக ஒரு அழுத்து அழுத்தியிருப்பான். 'க்ளக்' என்று ஒரு சத்தம். அதுவரை அருள் பாலித்துக்கொண்டிருந்த கை, அவன் உள்ளங்கையில் வந்து படுத்துக்கொண்டது.

கோந்து சுற்றுமுற்றும் பார்த்தான். ஸ்டூடியோவின் அந்தப் பெரிய கொட்டகையில் யாரும் இல்லை. அட்டைத் தூண்களும், சாக்குத்துணியில் வரைந்த மலையும், இன்னும் எரியாத விளக்குகளும்தான் அவனைப் பார்த்துக்கொண்டிருந்தன.

செட்டில் எது உடைந்தாலும் ஒட்டுவது அவன் வேலை. கிரீடத்தில் கல் விழுந்தால் அவன், சிம்மாசனத்தின் கால் ஆடினால் அவன், முனிவரின் தாடி பிய்ந்தால் அவன். அதனால்தான் எல்லோரும் அவனைக் கோந்து என்றார்கள். சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவனே திரும்பிப் பார்க்க மாட்டான். ஆனால் இதுவரை அவன் ஒட்டியதெல்லாம் மற்றவர்கள் உடைத்தவை.

அது ஒரு தெலுங்கு பக்திப் படம். பின்னாளில் அது ஓடாத கொட்டகை இல்லை, அதன் பாட்டு ஒலிக்காத வீடு இல்லை என்றெல்லாம் ஆனது. அன்றைக்கு அது பாதிகூட முடியவில்லை. வேலை செய்கிறவர்களில் பலருக்குத் தெலுங்கும் தெரியாது. அதில் கோந்துவும் ஒருவன். சாமியாக நடிப்பவர் ஒன்று பேசுவார், பக்தராக நடிப்பவர் அழுவார், இயக்குநர் 'கட்' என்பார். கோந்துவுக்குப் புரிந்த வசனம் அந்தக் கடைசி ஒன்றுதான்.

அவனுக்கு நன்றாகப் புரிந்த இன்னொன்று, முதலாளி தமிழில் சொன்னது. அந்த ஆளுயர சாமி சிலையை இறக்கி வைத்த அன்றைக்கு அவர் விரலை ஆட்டிச் சொல்லியிருந்தார்:

"இந்தா பார் கோந்து, இதுல ஒரு கீறல் விழுந்தாக்கூட நீயும் உன் பொண்டாட்டியும் இந்தக் கேட்டுக்குள்ள கால் வைக்க முடியாது. இன்னொரு சிலை கிடையாது. காட்சி எடுக்கிற வரைக்கும் உன் கண்ணு மாதிரி பார்த்துக்க."

இன்றைக்குத்தான் அந்தக் காட்சி.

கோந்து தன் பசை டப்பாவைத் திறந்தான். அவசர அவசரமாகத் தடவினான். சாமியின் கையைப் பொருத்தி, மூச்சைப் பிடித்துக்கொண்டு அழுத்தினான். ஒட்டிக்கொண்டது. 'அப்பாடா' என்று பின்னால் நகர்ந்து பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டான்.

உள்ளங்கை பின்பக்கம் போய்விட்டது. அருள் பாலிக்கிற கை, இப்போது புறங்கையால் ஓங்கி ஒன்று வைக்கப்போவது மாதிரி நின்றது.

"மன்னிச்சுக்க சாமி, மன்னிச்சுக்க" என்று முணுமுணுத்தபடி அந்தக் கையைத் திருப்பப் பார்த்தான். அது அசையவில்லை. தன் கோந்தின் தரத்தை நினைத்து முதல்முறையாக வருந்தினான். ஒரு கையால் சாமியின் தோளைப் பிடித்துக்கொண்டு, பீடத்தில் காலை ஊன்றி, பலமாக இழுத்தான்.

கை வரவில்லை. தலை வந்தது.

அது அவன் மார்பில் மோதி, அவனை உட்கார வைத்து, மடியில் உருண்டு, தரையில் விழுந்து, மூக்கை இழந்து, மல்லாந்து அவனைப் பார்த்துப் புன்னகைத்தது.

"ஏங்க, இந்த மாலை நீளம் போதுமான்னு..." என்று சொல்லிக்கொண்டே உள்ளே வந்தாள் அவன் மனைவி. உடைகள் தைப்பது அவள் வேலை. தலையில்லாத சாமியையும் தலைவிரிகோலமாக உட்கார்ந்திருந்த கணவனையும் மாறி மாறிப் பார்த்தாள். கையிலிருந்த மாலை நழுவியது.

"என்னங்க பண்ணி வச்சிருக்கீங்க?"

"தூசி தட்டினேன்."

"தூசி தட்டினா தலையா விழும்?"

"கத்தாதே. முதலாளி காதுல விழுந்தா நம்ம ரெண்டு பேர் தலையும் விழும்."

அவள் கதவைச் சாத்திவிட்டு வந்தாள். பயந்தாலும் அவளுக்குக் கை வேலை செய்யும். ஒரு துணியைக் கிழித்துச் சுருட்டி, கழுத்துக்குள் அடைத்து, தலையை எடுத்து வைத்து, மேலே மாலையைப் போட்டாள். ஓரளவு சரியாகத்தான் இருந்தது. அந்த நேரம் பார்த்து வெளியே ஒரு வண்டி கடந்துபோக, தரை லேசாக அதிர, சாமி 'ஆமாம் ஆமாம்' என்று தலையாட்டினார்.

"ஐயோ" என்றாள் மனைவி.

"ஆமாங்கிறாரே" என்றான் கோந்து. அவனுக்கு நிஜமாகவே உடம்பு சிலிர்த்தது. சாமி எதற்கு ஆமாம் என்கிறார்? உன் வேலை போகும் என்பதற்கா? நீ நரகத்துக்குத்தான் போவாய் என்பதற்கா?

கதவு தட்டப்பட்டது. இருவரும் சாமியின் முன்னால் கையை விரித்து மறைத்துக்கொண்டு நின்றார்கள்.

வந்தவர் மேக்கப்காரர். தலையை நீட்டினார், பார்த்தார், உள்ளே வந்து கதவைத் தானே சாத்தினார். அவர் கோந்துவின் பழைய சிநேகிதர். அவருக்கு ஒரு மனக்குறை உண்டு. எத்தனையோ பேரை ராஜாவாக்கினேன், குரங்காக்கினேன், ஒருத்தனும் என் திறமையைப் பேசவில்லை என்று.

"இன்னொரு சிலை வேணும். அவ்வளவுதானே?" என்றார்.

"எங்கேயிருந்து கொண்டுவருவே?"

மேக்கப்காரர் கோந்துவைத் தலையிலிருந்து கால்வரை அளந்தார். கண்ணில் ஓர் ஒளி வந்தது. அந்த ஒளியைக் கண்டதும் கோந்து ஓரடி பின்வாங்கினான்.

"வேண்டாம்யா."

"அசையாம நிக்கணும். வேற ஒண்ணுமில்ல. படம் கறுப்பு வெள்ளை. சாம்பல் நிறத்துல பூசிட்டா கல்லு எது, ஆளு எதுன்னு உங்க அம்மாவுக்கே தெரியாது."

"தொப்பை?"

"மாலை எதுக்கு இருக்கு?"

"பாவம்யா! சாமி வேஷத்துல நின்னு ஊரை ஏமாத்தினா..."

"உள்ளே அந்தப் பெரிய நடிகர் சாமி வேஷம் போட்டுக்கிட்டு சிகரெட் பிடிச்சிட்டிருக்காரு. அவருக்கு வராத பாவமா உனக்கு வந்துடும்?"

கோந்து மனைவியைப் பார்த்தான். அவள் வேண்டாம் என்பாள் என்று நம்பினான். அவள் ஏற்கெனவே ஒரு வேட்டியைக் கஞ்சியில் முக்கிக்கொண்டிருந்தாள்.

"ஒரே ஒரு காட்சிதானேங்க. மேளம் அடிப்பாங்க, பக்தர் பாடுவாரு, முடிஞ்சுடும்."

மேளம் விஷயம் கோந்து சொன்னதுதான். இந்தக் காட்சியைப் பற்றிப் பேச்சு வந்தாலே இயக்குநர் கையை ஓங்கி ஓங்கி இறக்கி, 'பகலகொட்டு, பகலகொட்டு' என்பார். பகலில் கொட்டு. இதைப் புரிந்துகொள்ளத் தெலுங்கா தெரிய வேண்டும்? கோந்து தானாகவே மூன்று மேளங்களை வரவழைத்து, துடைத்து, செட்டின் ஓரத்தில் வைத்திருந்தான்.

உடைந்த சாமியைத் தூக்கிக்கொண்டுபோய் சாக்குத்துணி மலைக்குப் பின்னால் சாய்த்து வைத்தார்கள். கோந்து பீடத்தில் ஏறினான். மேக்கப்காரர் பூசினார். முகம், கழுத்து, காது, கண்ணிமை, மார்பு, கை, கால். ஜில்லென்று பூசியது சிறிது நேரத்தில் காய்ந்து இழுத்துப் பிடித்தது. மனைவி கஞ்சி வேட்டியைக் கட்டி, அதற்கும் சாம்பல் நிறம் அடித்தாள். அட்டைக் கிரீடம் வைத்து, மாலை போட்டு, வலது கையைத் தூக்கிவிட்டு, உள்ளங்கை முன்னால் இருக்கிறதா என்று சரிபார்த்தாள்.

"சிரிங்க."

"எனக்கு அழுகை வருது."

"சாமி சிரிச்ச முகமாத்தானே இருந்தாரு? கொஞ்சம் சிரிங்க."

கோந்து சிரித்தான். மேக்கப்காரர் தூர நின்று பார்த்து, "இது என் வாழ்நாள் வேலை" என்று நெஞ்சில் கை வைத்துக்கொண்டார்.

கதவுகள் திறந்தன. ஆட்கள் வந்தார்கள். பெரிய விளக்குகள் ஒவ்வொன்றாக எரிந்தன. ஒவ்வொன்றும் ஓர் அடுப்பு. கிரீடத்துக்குள் வியர்வை துளிர்த்து, காதுக்குப் பின்னால் ஒரு கோடாக இறங்கத் தொடங்கியது. கோந்து மூச்சைச் சின்னச் சின்னதாக விட்டான்.

முதலாளி நேராகப் பீடத்துக்கு வந்தார். கன்னத்தில் போட்டுக்கொண்டார். பிறகு உற்றுப் பார்த்தார்.

"என்னய்யா, சிலை கொஞ்சம் பூசினாப்ல இருக்கே?"

"விளக்கு வெளிச்சம்ங்க" என்றார் மேக்கப்காரர்.

"கோந்து எங்கே? அவனைப் பாராட்டணும். ஒரு கீறல் இல்லாம வச்சிருக்கான்."

"வெளியே போயிருக்காருங்க" என்றாள் மனைவி.

வாழ்க்கையில் முதல்முறையாக முதலாளி தன்னைப் பாராட்டுகிறார், தலையைக்கூட ஆட்ட முடியவில்லையே என்று கோந்துவுக்கு இருந்தது.

சாமியாக நடிக்கும் பெரிய நடிகர் வந்தார். நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, சிலையைப் பார்த்து முகம் சுளித்தார். "இந்த மூஞ்சியா என் மூஞ்சி?" என்று உதவியாளரிடம் கேட்டது கோந்துவின் காதில் விழுந்தது.

கடைசியாக இயக்குநர் வந்தார். அவருக்குத் தமிழ் கொஞ்சம் வரும், கோபம் வந்தால் தெலுங்கு மட்டும்தான் வரும். வந்ததும் ஓரத்திலிருந்த மேளங்களைப் பார்த்தார்.

"இதி ஏமிட்டி? மேளம் எதுக்கு?"

யாருக்கும் தெரியவில்லை. எடுத்துக்கொண்டு போகச் சொன்னார்.

பீடத்தின் மேல் கோந்துவின் புன்னகை லேசாகக் கோணியது. மேளம் வேண்டாமா? அப்புறம் எதைக் கொட்டப் போகிறார்கள்?

மேக்கப்காரருக்கும் அதே சந்தேகம் வந்திருக்க வேண்டும். பீடத்துக்குப் பக்கத்தில் நின்றிருந்த வசனகர்த்தாவிடம் மெல்லக் கேட்டார்: "ஏங்க, பகலகொட்டுன்னா மேளம் கொட்டுறதுதானே?"

வசனகர்த்தா சிரித்தார். "மேளமா! பகலகொட்டுன்னா உடை, அடிச்சு நொறுக்குன்னு அர்த்தம். அசுரன் வந்து இந்தச் சிலையைச் சுக்குநூறா உடைப்பான். அப்போ உள்ளேயிருந்து நிஜ சாமி வருவாரு. படத்துக்கே இதுதான் உயிர்."

மேக்கப்காரரின் முகம் மேக்கப் இல்லாமலே சாம்பல் நிறமானது. கோந்துவின் மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள்.

கோந்துவுக்குக் காலடியில் பீடம் இல்லாத மாதிரி இருந்தது. இருந்த கொஞ்ச ரத்தமும் எங்கோ ஓடி ஒளிந்துகொண்டது. அப்போதுதான் கொட்டகையின் அந்தக் கோடியிலிருந்து அசுரன் வந்தார்.

ஆள் தூண் மாதிரி இருப்பார். இதற்கு முன் பல படங்களில் வாயில்காப்பாளனாக ஈட்டி பிடித்து நின்றவர், முதல்முறையாக இதில்தான் பெயர் வரும்படி ஒரு வேஷம். தெலுங்குக்காரர், தமிழும் நன்றாகப் பேசுவார். தோளில் கதாயுதம். அந்தக் கதாயுதத்தை கோந்து நன்றாக அறிவான். முதலில் அட்டையில்தான் இருந்தது. போன வாரம் இயக்குநர் கனம் போதாது என்று சைகை காட்டியதும், கட்டை வைத்து, உள்ளே இரும்புத் துண்டுகளைப் போட்டு அடைத்து, 'இப்போ யார் மண்டையில பட்டாலும் எழுந்திரிக்க மாட்டான்' என்று பெருமையாகக் கொடுத்தவனே அவன்தான்.

குதித்துவிடலாமா? குதித்தால் முதலாளி, இயக்குநர், வேலை, பெண்டாட்டி வேலை, எல்லாம் போகும். நின்றால் மண்டை போகும். இரண்டில் எது தேவலை என்று அவனால் முடிவு செய்யவே முடியவில்லை. கால்களும் கேட்கும் நிலையில் இல்லை. அவை நிஜமாகவே கல்லாகிவிட்டிருந்தன.

மனைவி என்ன நினைத்தாளோ, தடுக்கி விழுகிற மாதிரி விழுந்து, தரையில் ஓடிய மின் கம்பியைப் பிடித்து இழுத்தாள். விளக்குகள் அணைந்தன.

ஆனால் அது அவனுக்கு நல்லதாக முடியவில்லை. விளக்குகளைச் சரிசெய்யும் வரை சும்மா இருக்க வேண்டாமே என்று இயக்குநர் அசுரனைச் சிலைக்குப் பக்கத்திலேயே அழைத்துவந்து ஒத்திகை பார்த்தார். எங்கே அடிக்க வேண்டும் என்று கோந்துவின் நடு நெற்றிக்கு நேரே விரலை நீட்டிக் காட்டினார். ஒரே அடி. தயங்கக் கூடாது. முழு பலம். கண்ணை மூடாமல் அதையெல்லாம் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியிருந்தது கோந்துவுக்கு. தவறு செய்த மனைவியைக் கொட்டகைக்கு வெளியே அனுப்பிவிட்டார்கள்.

விளக்குகள் மீண்டும் எரிந்தன.

"ரெடி! கேமரா!"

அசுரன் கர்ஜித்துக்கொண்டு வந்தார். தரை அதிர்ந்தது. பீடத்தில் ஏறினார். கதாயுதத்தை இரண்டு கையாலும் தலைக்கு மேல் தூக்கினார். அவர் முதுகுதான் கேமராவுக்கு. முகம் கோந்துவுக்கு மட்டும் தெரிந்தது. அந்த முகத்தில் கர்ஜனை எதுவும் இல்லை. உதடு துடித்தது, கண் கலங்கியிருந்தது.

"க்ஷமிஞ்சு சுவாமி" என்று அசுரன் காற்றாகக் கிசுகிசுத்தார். "பில்லலு உன்னாரு, சுவாமி. பில்லலு..."

கோந்துவுக்குத் தெலுங்கு தெரியாது. ஆனால் சாகிற நேரத்தில் மனிதனுக்கு எந்த மொழியும் கொஞ்சம் புரியும் போலிருக்கிறது. பில்லலு, பிள்ளைகள். இந்த ஆள் தன் பிள்ளைகளுக்காக மன்னிப்புக் கேட்கிறார்.

உதடு அசையாமல் கோந்து சொன்னான்:

"எனக்கும் ரெண்டு பொம்பளைப் பிள்ளைங்க இருக்குப்பா. அடிச்சுடாதே."

கதாயுதம் அந்தரத்தில் நின்றது.

அசுரனின் கண்கள் விரிந்தன. சாம்பல் நிறக் கண்ணிமைகளையும், காதுக்குப் பின்னால் இறங்கிய வியர்வையையும், சிரித்தபடியே நடுங்கிய உதட்டையும் பார்த்தார். கதாயுதம் கையிலிருந்து நழுவி 'தொம்' என்று பலகைத் தரையில் ஓட்டை போட்டது. அடுத்த கணம் அவர் அலறிக்கொண்டு கோந்துவின் காலில் விழுந்து, இரண்டு கணுக்கால்களையும் கட்டிப் பிடித்துக்கொண்டார்.

"சுவாமி பேசிட்டாரு! சுவாமி பேசிட்டாரு!"

கொட்டகையில் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். இயக்குநர் ஒலிபெருக்கியைத் தூக்கி எறிந்தார். தெலுங்கு பொழிந்தது.

"பகலகொட்டு! பகலகொட்டு!"

"மாட்டேன் சார். அடிக்காதேன்னு சொல்லிட்டாரு. அவருக்கும் பிள்ளைங்க இருக்காம்."

யாரோ சிரித்தார்கள். முதலாளி சிரிக்கவில்லை, மறுபடி கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"இவன் வேண்டாம்! அடிக்கிற கையை மட்டும் படம் எடுத்துக்கலாம். வேற யாராவது அடி!" என்று இயக்குநர் தமிழுக்கு வந்து கத்தினார். உதவி கேமராமேன் உற்சாகமாக ஓடிவந்து கதாயுதத்தைத் தூக்கினான். நாள் முழுக்கப் பெட்டி சுமக்கிறவனுக்கு ஒருநாளாவது எதையாவது உடைக்க வேண்டும் என்று ஆசை இருக்காதா? கோந்து மனதுக்குள் தன் பெண்கள் இருவரையும் ஒருமுறை பார்த்துக்கொண்டான்.

"கிட்டே வந்தே, கொன்னுடுவேன்!" என்று அசுரன் காலைக் கட்டிக்கொண்டபடியே உறுமினார். அந்த மாதிரி ஓர் உறுமலை அவர் அதுவரை எந்தக் காட்சியிலும் கொடுத்ததில்லை. உதவி கேமராமேன் கதாயுதத்தைப் போட்டுவிட்டு ஓடினான்.

இருவர் வந்து அசுரனை இழுத்துப் பார்த்தார்கள். நால்வர் இழுத்துப் பார்த்தார்கள். அவர் அசைந்துகொடுக்கவில்லை. இயக்குநர் அவரைத் திட்டாத திட்டு இல்லை. "நாளைக்கு இந்தக் கேட்டுக்குள்ள நீ வர முடியாது. மறுபடி ஈட்டி பிடிச்சு நில்லு, போ!" என்றார். அசுரன் முகத்தை கோந்துவின் பாதத்தில் புதைத்துக்கொண்டு எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டார்.

கடைசியில் முதலாளி தலையிட்டார். "முதல்ல எல்லாரும் சாப்பிட்டு வாங்க. அவனும் தெளிஞ்சுடுவான்."

எல்லோரும் போனார்கள். அசுரன் கடைசியாக எழுந்தார். சிலையை நிமிர்ந்துகூடப் பார்க்காமல், கும்பிட்ட கையோடு பின்னாலேயே நடந்து வெளியே போனார்.

கொட்டகை காலியானதும் மேக்கப்காரரும் மனைவியும் ஓடிவந்தார்கள். கோந்து பீடத்திலிருந்து இறங்கவில்லை, விழுந்தான்.

"உயிரோட இருக்கீங்களா?"

"தெரியல. கிள்ளிப் பாரு."

அவள் கிள்ளினாள். அழுதுகொண்டே கிள்ளியதால் கொஞ்சம் பலமாகவே கிள்ளினாள்.

மலைக்குப் பின்னாலிருந்து உடைந்த சாமியைக் கொண்டுவந்தார்கள். எப்படியும் உடைக்கத்தான் போகிறார்கள். தலையை வைத்து, மூக்கை ஒட்டி, திரும்பிப்போன கையை மாலையால் மறைத்து, அவர்கள் ஒதுங்கவும் கதவு திறக்கவும் சரியாக இருந்தது. கோந்து ஓடிப்போய் பூச்சைக் கழுவி, உடை மாற்றிக்கொண்டு, ஒன்றும் தெரியாதவன் மாதிரி விளக்குகளுக்குப் பின்னால் வந்து நின்றான்.

"எங்கேய்யா போயிட்டே?" என்றார் முதலாளி. "இங்கே சாமி பேசியிருக்காரு, நீ ஊர் சுத்திட்டு வர்றே!"

அசுரன் வந்தார். கதாயுதத்தை எடுத்தார். பீடத்தில் ஏறி, சிலையின் கன்னத்தை மெல்ல விரலால் தொட்டுப் பார்த்தார். பிறகு இயக்குநரைப் பார்த்துத் தலையசைத்தார்.

"சாப்பாட்டு நேரத்துல உத்தரவு கிடைச்சிடுச்சு சார்."

ஒரே அடி. சாமி சுக்குநூறாகச் சிதறினார். இயக்குநர் துள்ளிக் குதித்தார். அதற்கு மேல் கேமராமேன் ஒரு சேதி சொன்னார். காலையில் அசுரன் காலில் விழுந்தபோது அவர் கேமராவை நிறுத்தவில்லையாம். அப்படி ஒரு பயத்தை அவர் எந்த நடிகர் உடம்பிலும் பார்த்ததில்லையாம். இயக்குநர் அங்கேயே கதையை மாற்றினார். அசுரன் முதலில் பயந்து விழுவான், பிறகு அகந்தையோடு எழுந்து உடைப்பான். ஈட்டி பிடிக்கப் போகச் சொன்னவரை இறுகத் தழுவிக்கொண்டார்.

மாலைக்குள் சேதி ஸ்டூடியோ முழுக்கப் பரவிவிட்டது. பக்கத்துக் கொட்டகையில் வேலை செய்தவர்கள்கூட வந்து அசுரனைப் பார்த்துவிட்டுப் போனார்கள். ஒரு பாட்டுக்கார அம்மாள் அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். சாமியாக நடிக்கும் பெரிய நடிகருக்கு மட்டும் பொறுக்கவில்லை.

"குரல் எப்படி இருந்தது? என் குரல் மாதிரியா?"

"இல்லீங்க" என்றார் அசுரன் பணிவாக. "கொஞ்சம் மூக்கடைச்ச குரல்."

இதையெல்லாம் பார்க்கப் பார்க்க கோந்துவுக்கு இருப்புக்கொள்ளவில்லை. வேலை தப்பியது, மண்டை தப்பியது. ஆனால் சாமி வேஷத்தில் நின்று, சாமியாகவே பேசி, ஒரு நல்ல மனிதனை ஏமாற்றியாகிவிட்டது. முதலாளியிடமிருந்து தப்பலாம். மேலே இருக்கிற முதலாளிக்கு என்ன பதில் சொல்வது? நடந்துபோகும்போது தலைக்கு மேலிருந்த விளக்கு லேசாக ஆடியதும் அவன் ஒதுங்கி ஓடினான். தண்ணீர் குடித்தால் புரையேறியது. எல்லாம் அறிகுறிகளாகவே பட்டன.

"சொல்லிடுறேன்" என்றான் மனைவியிடம்.

"அவர் உடம்பைப் பார்த்தீங்களா? ஒரு அறை விட்டார்னா..."

"விடட்டும். சாமி அடிக்கிறதுக்கு இவர் அடிச்சா தேவலை."

மேக்கப் அறையில் அசுரன் தனியாக இருந்தார். கண்ணாடி முன் உட்கார்ந்து, எண்ணெய் தடவி மீசையை எடுத்துக்கொண்டிருந்தார். கோந்து வாசலிலேயே நின்றான்.

"அண்ணே, ஒரு விஷயம்."

"சொல்லுப்பா."

"காலையில உங்ககிட்ட பேசினது சாமி இல்லண்ணே." "சிலை உடைஞ்சுபோச்சு. வேலை போயிடுமேன்னு பயந்து நான்தான் பூசிக்கிட்டு நின்னேன். நீங்க சாமின்னு நம்பி என் கால்ல விழுந்து, எல்லார்கிட்டயும் திட்டு வாங்கி... எனக்குத் தாங்கல. என்னை அடிக்கணும்னா அடிச்சுடுங்க."

அசுரன் பாதி மீசையோடு திரும்பி, காதுக்குப் பின்னால் இன்னும் போகாத சாம்பல் பூச்சைப் பார்த்தார். பிறகு துணியை எடுத்து அவனிடம் நீட்டினார்.

"யோவ், நான் தெலுங்குல வேண்டிக்கிட்டா சாமி தமிழ்லயா பதில் சொல்லும்? நீ நடுங்கின நடுக்கத்துல கீழே விழுந்து மாட்டிக்குவியேன்னுதான்யா காலை விடாம புடிச்சுக்கிட்டேன்."